எனக்குச் சாமி வரவில்லை

சென்னையில் ஓவியக் கல்லூரியில் படித்து முடித்த என்னை, நாமகிரிப்பேட்டையிலிருந்து குமாரபாளையத்துக்குக் கட்டிக்கொடுத்தார்கள். எழுபதுகளின் நடுப்பகுதி. வீட்டுக்குப் பின்னாலேயே தறிப்பட்டறை. பெண் பார்க்க வந்தபோது, "படம் வரையறதுக்கென்னங்க, தாராளமா வரையட்டும்" என்றார் மாமியார். வந்த மறுமாதமே என் வண்ணப்பெட்டி பரணுக்குப் போனது. தெருமுனைக் கடைக்குக்கூட நான் தனியாகப் போகக் கூடாது.

நாலாம் வருடம், ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம் கரண்ட் போனது. தறிகள் நின்றன, ஆட்கள் டீ குடிக்கப் போனார்கள். நான் முகம் முழுக்க மஞ்சளை அப்பி, அதன்மேல் கரியால் கட்டம் கட்டமாகக் கோடு இழுத்தேன். கழிவு நூல் மூட்டையிலிருந்து சிவப்பை மட்டும் பொறுக்கிக் கணுக்காலிலிருந்து தோள்வரை சுற்றிக்கொண்டு, இரண்டு தறிகளுக்கு நடுவே அசையாமல் நின்றேன். துணியில் வரைந்ததை உடம்பில் வரைந்து, நானே படமாக நிற்க வேண்டும் என்பது கல்லூரி நாளிலிருந்தே இருந்த ஆசை.

தறிக்கு நூல் தார் சுற்றும் பெண்தான் முதலில் பார்த்து அலறினாள். மாமியார் ஓடிவந்து என் காலில் விழுந்தார்.

"ஆத்தா வந்துட்டாளுங்க! கற்பூரம் கொண்டாங்க!"

இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் தார் சுற்றும் பெண் கைகூப்பினாள். "பம்பாய்க்குப் போன எம்மவன் எப்பங்க ஆத்தா ஊட்டுக்கு வருவான்?"

அவள் முகத்தைப் பார்த்துவிட்டு, "வருவான்" என்றேன்.

அவன் வரவில்லை. ஆனாலும் ஒவ்வொரு வெள்ளியும் அவள் வந்தாள், தெருவே வந்தது; நானும் சிவப்பு நூலைச் சுற்றிக்கொண்டு நின்றேன். மாமியார் என்னை 'ங்க' போட்டுப் பேச ஆரம்பித்தார். ஒருநாள் நீல நூலை எடுத்தேன். "நீலம் ஆத்தாளுக்கு ஆகாதுங்க அம்மிணி" என்று கையிலிருந்து வாங்கிக்கொண்டார்.

கணவரிடம் மட்டும் உடைத்துச் சொன்னேன். "எனக்குச் சாமி வரலைங்க. நானாத்தான் நின்னேன்."

"எனக்குத் தெரியும்," என்றார். "வெளிய சொல்லீராத. அப்பறம் பைத்தியம்னு முடிவு கட்டீருவாங்க."

எண்பதுகளின் தொடக்கத்தில் கல்லூரித் தோழி ஒருத்தி, நான் கடிதத்தில் எழுதியதைப் படித்துவிட்டு, சென்னையில் ஓர் ஓவியக் கண்காட்சிக் கூடத்தில் என்னை நிற்க அழைத்தாள். கோயிலுக்குப் போவதாக வீட்டில் சொல்லிக் கணவர் கூட்டிப்போனார். அங்கே நீல நூலைச் சுற்றிக்கொண்டு இரண்டு மணி நேரம் நின்றேன். முடிந்ததும் கண்ணாடி போட்ட ஒருவர் நோட்டுடன் வந்தார்.

"இது உங்க ஊர்ல எந்தக் கோயில் சடங்கும்மா?"

"சடங்கில்லைங்க. நான் செஞ்சது."

அவர் தலையாட்டியபடியே, 'சேலம் பக்கத்துச் சடங்கு' என்று எழுதிக்கொண்டார். என் கண்ணெதிரேதான் எழுதினார்.

அது பத்திரிகையில் வந்த பிறகு இரண்டு மூன்று ஊர்களிலிருந்து அழைப்பு வந்தது. எல்லாக் கடிதத்திலும் அம்மன் கோலத்தில், சிவப்பில் நிற்கச் சொல்லியே கேட்டிருந்தார்கள். அழுகையாக வந்தது. இருந்தும் போனேன். ரயிலில் ஜன்னலோரம் உட்கார்ந்து போக அந்த ஒரு வழிதான் எனக்கு இருந்தது.