படகு இல்லாத படம்

அம்மா படம் வரையத் தொடங்கிவிட்டால் எங்கள் வீட்டில் சோறு அடிபிடிக்கும். உலை வைப்பாள், ஓடிப்போய் இரண்டு தீற்று தீற்றுவாள், ஓடிவந்து கிளறுவாள், மறுபடி ஓடுவாள். நான் ஐந்தாவது படித்தபோது கோடை முழுக்க மரக்காணம் உப்பளத்தையே வரைந்துகொண்டிருந்தாள். வெள்ளைப் பாத்திகள், நடுவில் பலகையால் உப்பை இழுக்கும் ஒரு பெண். அந்தப் பெண்ணின் முதுகை மட்டும் அழித்து அழித்துப் போட்டாள். கேட்டால், "இன்னும் வரலடி" என்பாள். எது வரவில்லை என்று எனக்குத் தெரியாது.

குயிலாப்பாளையத்து விடுதிக்காரர் ஒருவர் போனில் படத்தைப் பார்த்துவிட்டு நேரில் எடுத்துவரச் சொன்னார். விற்றால் எனக்கு சைக்கிள். அம்மாவைவிட நான்தான் முதலில் கிளம்பி நின்றேன்.

விடுதிக்காரர் தன்மையான மனிதர். எனக்கு ஜூஸ் கொடுத்தார்.

"நல்லாதான் இருக்குதுங்க. கொஞ்சம் வெறிச்சுனு இருக்குது. அந்தம்மாவ எடுத்துட்டு ஒரு படகு போட்டுடுங்களேன். இப்பவே வாங்கிக்கிறேன்" என்றார்.

உப்பளத்தில் ஏது படகு என்று எனக்கே தோன்றியது. சைக்கிளை நினைத்து வாயை மூடிக்கொண்டேன். அம்மா பையைத் திறந்து நீலத்தைக் குழைத்தாள். எழுந்து வாசல்வரை போனாள். திரும்பி வந்து உட்கார்ந்தாள். தூரிகை அந்த முதுகுக்குப் பக்கத்தில் போய் அப்படியே நின்றது.

"இல்லைங்க, கை வரலைங்க" என்று சொல்லிவிட்டு எழுந்துகொண்டாள்.

திரும்பும் பஸ்ஸில் உட்கார இடமில்லை. படத்தைச் சுற்றியிருந்த பேப்பரும் கிழிந்துவிட்டது. கீழ்புத்துப்பட்டில் ஏறிய ஓர் அம்மாள் எங்கள் பக்கத்தில் நின்றபடி படத்தையே பார்த்துக்கொண்டு வந்தார். அவர் கை மெல்ல இடுப்புக்குப் போனது.

"ஐய, பொழுதன்னைக்கும் உப்பளத்துல நிக்கிறது போதாதா? பாக்கும்போதே எனக்கு இடுப்பு வலிக்குது. அந்தாண்ட திருப்பும்மா!"

அம்மா அவரை விழித்துப் பார்த்தாள். பிறகு பஸ்ஸே திரும்பிப் பார்க்கும்படி சிரித்தாள். கண்ணைத் துடைத்துக்கொண்டு, "இன்னொரு வாட்டி சொல்லுங்கக்கா" என்றாள்.

எனக்கு அவமானமாக இருந்தது. சைக்கிளும் போயிற்று, முன்பின் தெரியாத ஒருவர் பஸ்ஸில் வைத்துப் படத்தையும் திட்டிவிட்டார். அதைப் போய் இன்னொரு முறை கேட்கிறாளே என்று அம்மாவின் கையைக் கிள்ளினேன்.