அத்தை கேட்ட நாழிகை

என் அத்தை மகன் இறந்துபோன மறுவருஷம், நாழியம்மன் கோயில் கொடைவிழாவில் திருவுளச்சீட்டு அத்தையின் பெயருக்கு விழுந்தது.

நாழியம்மன் எங்கள் ஆட்களோடு திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து தாராவிக்கு ரயிலேறி வந்த சாமி. ஊரில் செவ்வாய்க்கிழமை நடந்த கொடையை இங்கே ஞாயிற்றுக்கிழமைக்கு மாற்றிக்கொண்டாள். மற்ற நாட்களில் யாருக்கும் லீவு கிடையாது. அவள்மேல் பாடும் பாட்டுக்கு, கழிந்துபோன ஒரு நாழிகையைத் திருப்பிக் கொண்டுவரும் சக்தி உண்டு. வருஷத்துக்கு ஒரு வீடு, ஒரு நாழிகை. அந்த வீட்டார் கேட்கிற பொழுது, பாட்டு முடியும்வரை அந்த வீட்டுக்குள் மறுபடி நடக்கும். அதைப் பாடுகிற அம்மாள் அம்பர்நாத்தில் ஒரு மாத்திரை கம்பெனியில் வேலை பார்த்தாள். மெகா பிளாக் என்று லோக்கல் ரயில்களைக் குறைத்துவிட்டால், காலத்தைத் திருப்பப் போகிறவள் வந்துசேரும்வரை நாங்கள் எல்லோரும் பசியோடு காத்துக்கிடப்போம்.

சீட்டு விழுந்தவர்கள் பிள்ளைக்குப் பெயர் வைத்த வேளையையோ, வீட்டில் தாலி கட்டிய வேளையையோதான் கேட்பார்கள். அத்தை, மகன் வீட்டில் இருந்த கடைசி நாழிகையைக் கேட்டாள்.

அத்தான் ஒரு மதியம் கிரிக்கெட் ஆடக் கிளம்பி, தண்டவாளத்தைத் தாண்டும்போது லோக்கல் அடித்து இறந்தான். அப்பா போய் அடையாளம் காட்டினார். வீட்டுக்குக் கொண்டுவந்தபோது முகம்வரை துணி சுற்றியிருந்தது. அத்தை எவ்வளவு மன்றாடியும் அப்பா அதைப் பிரிக்க விடவில்லை. துக்கம் கேட்க வந்தவர்களிடமெல்லாம் அத்தை ஒன்றையே சொன்னாள்: "வாசல்ல நின்னு சிரிச்சான். கண்ணு நெறயப் பாத்துத்தான் அனுப்புனேன்." அன்று நானும் அந்த வீட்டில்தான் இருந்தேன்; ஆனாலும் அத்தை சொன்னால் அப்படித்தான் நடந்திருக்கும் என்று நம்பினேன்.

"எக்கா, வேற நாளக் கேளு," என்றார் அப்பா.

"எனக்கு அதுதான் வேணும்."

பாட்டுக்கார அம்மாள் தாளம் போடும் குடத்தை இறக்கிவைத்துவிட்டு அத்தையின் எதிரில் உட்கார்ந்தாள். "தாயி, அந்த நேரத்துல நீ எங்க இருந்தியோ அங்கனதான் இருப்ப. அன்னைக்கு அசஞ்ச கைதான் அசையும். அன்னைக்கு அழலன்னா இன்னைக்கும் அழ முடியாது. நல்லா யோசிச்சிக்கோ."

"யோசிச்சாச்சு."

அந்த நாழிகையில் வீட்டில் இருந்த உயிரெல்லாம் இருந்தாக வேண்டும் என்பது பாட்டின் முறை. அன்று அங்கே இருந்த மூன்றாவது ஆள் நான். அத்தை ஸ்கூல் பைகளுக்கு ஜிப் தைத்துத் தருவாள். பக்கத்தில் உட்கார்ந்து தாகா வெட்டுவது, அதாவது தொங்கும் நூல்களைக் கத்தரிப்பது, என் வேலை. "பிள்ள பயப்படுவா," என்று அப்பா சொன்னதற்கு அத்தை, "பயப்பட என்ன இருக்கு? அவ அத்தான்தான," என்றாள்.

மதியம் வாசலில் குடத்தையும் ஜால்ராவையும் வைத்துப் பாட ஆரம்பித்தார்கள். அத்தை சுவரைப் பார்த்தபடி மிஷினில் உட்கார்ந்தாள். நான் கீழே கத்தரியோடு உட்கார்ந்தேன். கொஞ்ச நேரம் பாட்டு கேட்டது. அப்புறம் கேட்கவில்லை, மிஷின் சத்தம் மட்டும்தான். சுவரில் மாலையோடு இருந்த ஃபோட்டோவைக் காணவில்லை. அங்கே போன வருஷத்துக் காலண்டர் தொங்கியது.

மேலேயிருந்து இரும்பு ஏணியில் அத்தான் இறங்கிவந்தான். தலை ஈரமாக இருந்தது. தட்டில் ஆறிக்கிடந்த தோசையை நின்றுகொண்டே பிய்த்துத் தின்றான்.

"அம்மா, என் நீலச் சட்ட எங்க?"

"கொடியில பாரு."

கையில் கிடைத்த ஒரு துண்டு நூலை என் காதில் வளையம்போல் மாட்டிவிட்டு, கண்ணை உருட்டினான். நான் சிரித்தேன். சிரித்தது என் வாய். உள்ளே எனக்கு உடம்பெல்லாம் நடுங்க வேண்டும்போல இருந்தது, நடுங்க முடியவில்லை. அவன் கை காதில் பட்டபோது சூடாக இருந்தது.

"அம்மா, தேக் நா. சட்ட எவ்வளவு சின்னதாயிட்டு பாரேன்."

"பாத்துட்டேன், பாத்துட்டேன். போ."

அத்தை பார்க்கவில்லை. ஜிப் ஊசிக்கடியில் ஓடிக்கொண்டிருந்தது. நான் அவள் பின்கழுத்தைப் பார்த்தேன். இப்போது திரும்பிவிடுவாள், இப்போது திரும்பிவிடுவாள் என்று நினைத்தேன். அவள் கால் சீராக மிதித்துக்கொண்டே இருந்தது. அத்தான் வாசலில் செருப்பை மாட்டிக்கொண்டு, நீட்டிய கைகளோடு, மணிக்கட்டுக்கு மேலே ஏறிக்கிடந்த சட்டைக் கையோடு, கொஞ்ச நேரம் நின்றான்.

"போய்ட்டு வாரேன்."

"ம்."

பாட்டு மறுபடி கேட்டது, அடங்கியது. அத்தை ஸ்டூலோடு சாய்ந்து விழுந்தாள். விழுந்தவள் வாசலைத்தான் பார்த்தாள். அங்கே அப்பா நின்றார்.

"பாத்தியாக்கா?"

"பாத்தேன்," என்றாள் அத்தை.

பாட்டுக்கார அம்மாள் தேங்காய் பழத் தட்டை வாங்கிக்கொள்ளாமலே குடத்தைத் துணியில் கட்டினாள்.

எல்லோரும் கோயிலுக்குப் போன பிறகு அத்தை கதவைச் சாத்தி என்னை மடியில் இழுத்துக்கொண்டாள். "எப்பிடி இருந்தான்? சொல்லு." சொன்னேன். ஈரத் தலை, தோசை, சட்டை. தலை எந்தப் பக்கம் வகிடு எடுத்திருந்தது என்று கேட்டாள். தெரியவில்லை என்றதும் அவள் முகம் சுருங்கியது.

"போகும்போது சிரிச்சானா?"

"இல்ல அத்தே. உங்க முதுகையே பாத்துட்டு நின்னான்."

அத்தை அதற்கப்புறம் எந்தக் கொடைக்கும் சீட்டு எழுதிப் போடவில்லை. கண் நிறையப் பார்த்து அனுப்பியதாகச் சொல்லிவந்த கதையையும் யாரிடமும் சொல்லவில்லை. ஆனால் தினமும் நான் பள்ளிக்கூடம் விட்டு வரும்போது வாசலில் நிற்பாள். என் தாடையைப் பிடித்து வெளிச்சத்தின் பக்கம் திருப்பி, அத்தானைப் பார்த்த என் கண்ணுக்குள்ளேயே பார்ப்பாள். ஒரு கண், அப்புறம் மறுகண். அவள் மூச்சு என் முகத்தில் படும்.

அப்படி அவள் எதைத் தேடினாள் என்று எனக்கு அப்போது தெரியவில்லை. கண்மை கலைந்திருக்கிறது போல என்று நினைத்து, முதல் நாளே பாவாடை நுனியால் இரண்டு கண்களையும் அழுத்தித் துடைத்துக்கொண்டேன்.