மூக்குக் குரலும் பதினொரு பக்க விண்ணப்பமும்

அக்காவுக்கு என்ன வேலை என்று யாராவது கேட்டால் அத்தான் இன்றைக்கும் "தையல்" என்றுதான் தொடங்குவார். கேட்டவர் தலையாட்டிவிட்டுத் திரும்பப் போகிற நேரம் பார்த்து, "சனி ஞாயிறிலை கன்ட்ரி பாட்டும் பாடுறவ. வெள்ளைக்காரர் எழும்பி நிண்டு கை தட்டுவினம்" என்று சேர்ப்பார். அந்த இடைவெளியை அவர் எவ்வளவு கச்சிதமாக விடுகிறார் என்பதைப் பக்கத்தில் நின்று பல தடவை பார்த்துச் சிரித்திருக்கிறேன். இதே அத்தான்தான் ஒரு காலத்தில் அந்த அமெரிக்கக் கிராமத்துச் சங்கீதத்துக்குக் "குதிரைக்காரர் பாட்டு" என்று பெயர் வைத்து, அது கேட்கும்போதெல்லாம் எழும்பிப் போய் ஜன்னலைச் சாத்தியவர். சனத்துக்குக் கேட்டுவிடுமாம்.

எண்பதுகளின் பிற்பகுதியில் நாங்கள் மூன்று பேரும் கிழக்கு லண்டனில், பிளேஸ்டோவில் ஒரு வீட்டின் மேல்மாடியில் இருந்தோம். மன்னாரிலிருந்து வந்து, அகதி விண்ணப்பம் போட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருந்தோம். அத்தானுக்குப் பெற்றோல் ஸ்டேஷனில் ஷிப்ட். அக்காவுக்குச் சேட்டுத் தைக்கும் ஃபக்டரியில் கொலர் வேலை. எனக்குக் கொலிஜ். எங்கள் குடும்பத்தில் ஐந்தாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள் நான். அதனால் எனக்கு வீட்டுக்குள் ஒரு மரியாதையும் வீட்டுக்கு வெளியே ஒரு உத்தியோகமும் இருந்தன. உத்தியோகம் ஃபோர்ம் நிரப்புவது. ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் கவுன்சில் ஃபோர்மோடும் பெனிபிட் ஃபோர்மோடும் ஆட்கள் வந்து எங்கள் மாடிப்படியில் குந்திவிடுவார்கள்.

நானும் அதைப் பக்தியோடு செய்தேன். கறுப்பு மை. ஒரு பெட்டியையும் வெறுமையாக விடக்கூடாது. கேட்காவிட்டாலும் ஆதாரம் இணைக்க வேண்டும். இரண்டு படம், பின்பக்கத்தில் கையெழுத்து. எல்லாவற்றுக்கும் ஒரு ஃபோட்டோக் கொப்பி. பிறகு பதிவுத் தபால். ஒரு கடுதாசி குறைந்தாலும் திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்பதுதான் இந்த நாட்டைப் பற்றி நாங்கள் முதலில் படித்த பாடம்.

அக்காவின் குரல் மூக்கால் வருவது. மெல்லிய கம்பியை இழுத்துக் கட்டித் தட்டியது போல இருக்கும். லண்டனுக்கு வந்த கையோடு பங்குக் கோயிலில் தமிழ்ப் பாடகர் குழுவில் சேர்ந்தாள். முதல் ஞாயிறே முன் வாங்கில் இருந்த பிள்ளைகள் எல்லாம் திரும்பிப் பார்த்தன. இரண்டாம் ஞாயிறு குழுவை நடத்திய அன்ரி அவளைத் தனியே கூப்பிட்டு, மிகவும் அன்பாக, "பிள்ளை, நீர் வந்து நில்லும், நிண்டால் வடிவாயிருக்கு. ஆனா வாயை மட்டும் அசையும், என்ன?" என்றார்.

அக்கா மூன்று வருடம் வாயை மட்டும் அசைத்தாள். எனக்குத்தான் கோபம் வந்தது.

"விட்டிட்டு வாவன், அக்கா."

"பாட்டுக்கு நடுவிலையாவது நிக்கிறன்தானேடா" என்றாள்.

ஆனால் ஃபக்டரியில் அவள் வாய் திறந்து பாடினாள். அங்கே இருபது மெசின் இரைகிற இரைச்சலில் யாரும் யாரையும் அடக்க முடியாது. பக்கத்து மெசினில் பொத்தான் துளை போட்டுக்கொண்டிருந்த வெள்ளைக்கார அம்மாவுக்கு மட்டும் அது கேட்டிருக்கிறது. அவர் ஒரு கன்ட்ரிப் பைத்தியம். ஒருநாள் மதியச் சாப்பாட்டு நேரத்தில் தன் பையிலிருந்து ஒரு கசற்றை எடுத்து அக்காவின் கையில் வைத்து அழுத்திவிட்டுப் போனார்.

அன்றைக்குப் பின்னேரம் கசற்றைப் போட்டோம். வழுக்கி வழுக்கி அழுகிற ஒரு கிற்றார். அதற்கு மேலே ஒரு பெண் குரல். அக்கா பட்டென்று கசற்றை நிறுத்தினாள்.

"தம்பி, இவவும் மூக்காலைதானேடா பாடுறா!"

மறுபடி போட்டாள். மறுபடி நிறுத்தினாள்.

"இவவுக்கு ஒருத்தரும் ஒண்டும் சொல்லேல்லையே?"

"சொல்லேல்லை, அக்கா. காசு குடுத்து ரிக்கற் வாங்கிக் கேக்கினம்."

அக்கா தரையில் இருந்துவிட்டாள். சிரிப்பென்றால் அப்படி ஒரு சிரிப்பு. கண்ணிலிருந்து தண்ணீர் வந்தது.

அதற்குப் பிறகு நான் பாட்டு வரிகளைத் தமிழ் எழுத்தில் ஒரு கொப்பியில் எழுதிக் கொடுக்க வேண்டியதாயிற்று. கருத்தும் சொல்ல வேண்டும்.

"இதிலை புருஷன் விட்டிட்டுப் போறான், அக்கா. ரெயிலிலை."

"அடுத்ததிலை?"

"அதிலையும் போறான். லொறியிலை."

"இந்தப் பொம்பிளைக்கு ஒருத்தனும் நிக்கமாட்டானே?"

"பாட்டை நிப்பாட்டினால் நிப்பான்" என்று அடுத்த அறையிலிருந்து அத்தானின் குரல் வந்தது. பின்னாலேயே ஜன்னல் சாத்தும் சத்தமும் வந்தது.

ஆறேழு மாதத்தில் அக்காவுக்குப் பதினாறு பாட்டுப் பாடம். ஒருநாள் வேலையால் வந்து, கோட்டைக்கூடக் கழற்றாமல், உள்ளங்கை அளவு ஒரு துண்டுக் கடுதாசியை என்னிடம் நீட்டினாள். பொத்தான் துளை அம்மா கொடுத்தது. ஒரு பப்பின் பின்மண்டபத்தில் கூடுகிற அவருடைய கன்ட்ரி கிளப்பில் ஒரு ஞாயிறு மத்தியானம் பாட்டுப் போட்டி. வெல்கிறவர் மாதம் ஒருமுறை அங்கே பாடலாம். துண்டில் நான்கே நான்கு வரி: பெயர், விலாசம், பாட்டு, கையெழுத்து.

"தம்பி, உண்மையான பாண்டோட ஒரு தரம் வாய் திறந்து பாடினால் காணுமடா எனக்கு. பிறகு நான் கோயிலிலை சாகிற வரைக்கும் வாயசைப்பன். இதை மட்டும் பிழையில்லாமல் நிரப்பித் தா."

பிழையில்லாமல்! என்னிடமா கேட்கிறாய்! நான் ஒரு கிழமை எடுத்தேன்.

முகப்புக் கடிதம் தட்டெழுத்தில். அதன் பின்னால் அந்தத் துண்டு, வெள்ளைத் தாளில் ஒட்டி. ஞானஸ்நானச் சான்றிதழும் அதற்கு என் மொழிபெயர்ப்பும். அக்கா மூன்று வருடமாக நேரத்துக்கு வேலைக்கு வருகிறாள் என்று ஃபக்டரியிலிருந்து ஒரு கடிதம். பாதரிடமிருந்து நன்னடத்தைக் கடிதம். பாதர் எதற்கு என்று கேட்டார். விண்ணப்பத்துக்கு என்றேன். பெருமூச்சு விட்டு, "ஆண்டவர் கைவிடமாட்டார்" என்று கையெழுத்து வைத்தார். இரண்டு படம். அவை ஒரு தாளில் ஒட்டி. எல்லாவற்றுக்கும் மேலாக, விண்ணப்பதாரியின் கூற்று, நான்கு பக்கம். மொத்தம் பதினொரு பக்கம்.

"இதுக்கு இவ்வளவு வேணுமோடா?"

"அக்கா, மறுத்தாங்கள் எண்டால் அப்பீல் செய்ய எங்களிட்டை ஃபைல் இருக்கோணும்."

அவள் தலையாட்டினாள். அத்தானும் தலையாட்டினார். பாட்டு அவருக்குப் பிடிக்காவிட்டாலும் ஃபைலில் அவருக்கும் நம்பிக்கை இருந்தது. ஒரு பப்பின் பின்மண்டபத்துக்குப் பதிவுத் தபால் அனுப்பிய முதல் தமிழன் நானாகத்தான் இருப்பேன்.

போட்டிக்கு முதல் நாள்தான் அத்தான் கண்டார், அக்கா தன் கலியாணத்து இரண்டாம் நாள் சீலையின் சரிகைக் கரையை வெட்டித் தொங்கல் தொங்கலாக ஒரு சேட்டின் கையில் தைத்துவிட்டதை.

"இஞ்சேர்! அது என்ர அம்மா எடுத்துத் தந்த சீலை!"

"உங்கட அம்மா இதை வெட்டக்கூடாது எண்டு சொல்லித் தரேல்லை."

அவர் வரமாட்டேன் என்று நின்றார். பிறகு, பொம்பிளையைத் தனிய விடேலாது என்று வந்தார். நான் ஆளில்லைப் போல. டிஸ்ட்ரிக்ட் லைன் ரெயிலில் அக்கா கோட்டைக் கழுத்துவரை பூட்டிக்கொண்டு இருந்தாள். கையோரத்தில் மட்டும் சரிகை மினுங்கியது.

மண்டபத்துக்குள் போனதும் மூன்று பேரும் வாசலிலேயே நின்றுவிட்டோம். நூறு பேர் அளவில் வெள்ளைக்காரர். எல்லோர் தலையிலும் அகலத் தொப்பி. காலில் கூர்முனைச் சப்பாத்து. சிலரின் இடுப்பில் விளையாட்டுத் துவக்கு. எங்கள் தெருத் தபால்காரர்கூடச் சிவப்புக் கழுத்துத் துணியோடு ஒரு மூலையில் இருந்தார்.

அத்தான் என் காதுக்குள், "இவையள் குதிரையை எங்கை கட்டினவையாம்?" என்றார்.

எனக்கு வந்த சிரிப்பை இருமலாக்கிக்கொண்டேன். பொத்தான் துளை அம்மா ஓடிவந்து அக்காவைக் கட்டிப் பிடித்து, எங்கள் மூன்று பேரையும் முன் மேசைக்கு இழுத்துப் போனார்.

நிகழ்ச்சியை நடத்தியவர் ஒரு பஸ் சாரதி. நெஞ்சில் தகரத்தில் வெட்டிய நட்சத்திரம். ஒவ்வொருவராகப் பெயரைக் கூப்பிட்டார், வந்தார்கள், பாடினார்கள், போனார்கள். எல்லாருடைய துண்டும் அவர் சட்டைப் பையில் இருந்தது. ஐந்தாவது ஆள் பாடி முடிந்ததும் அவர் பையைத் தொடவில்லை. மேடைக்குப் பின்னால் போய் ஒரு பெரிய மண்ணிற உறையோடு வந்தார். எனக்கு அந்த உறையைத் தெரியும். முகவரி என் கையெழுத்து.

"சீமான்களே சீமாட்டிகளே," என்றார், "பதினைந்து வருடமாக இந்தப் போட்டியை நடத்துகிறேன். இன்றைக்குத்தான் முதன்முதலாக ஒரு பாதிரியார் எங்களுக்குக் கடிதம் எழுதியிருக்கிறார்."

மண்டபம் குலுங்கியது. என் காது இரண்டும் சுட்டன. நாலு வரித் துண்டை நாலு வரித் துண்டாகவே அனுப்பியிருக்கலாம் என்பது அந்த நிமிஷம்தான், அந்த நூறு தொப்பிகளுக்கு நடுவில்தான், எனக்கு விளங்கியது. படித்தவன்! அவரோ ஒவ்வொரு தாளாக உயர்த்திக் காட்டினார். ஞானஸ்நானத்துக்கு ஒரு சிரிப்பு, ஃபக்டரிக் கடிதத்துக்கு ஒரு கைதட்டல். கடைசியில் கூற்றுக்கு வந்தார். மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசிக்கத் தொடங்கினார்.

"விண்ணப்பதாரி நான்கு வயதிலிருந்து பாடுகிறார். தற்சமயம் தையல் மெசினுக்கு மட்டும் பாடுகிறார். மூன்று வருடமாக ஒரு பாடகர் குழுவில் சத்தமின்றி வாயசைக்குமாறு பணிக்கப்பட்டு, அதை ஒரு நாளும் தவறாமல் செய்துவருகிறார். இந்த விண்ணப்பம் மறுக்கப்பட்டால் அவருக்கு வாய் திறந்து பாட இந்த நாட்டில் வேறு இடம் இல்லை என்பதைத் தாழ்மையுடன் தெரிவித்துக்கொள்கிறேன்."

சிரிப்பு எங்கே நின்றதென்று தெரியவில்லை. அக்கா என் சேட்டை இழுத்தாள்.

"என்னடா வாசிக்கிறான்?"

"உன்ர வாழ்க்கை வரலாறு, அக்கா."

"அதை ஏனடா ஊருக்கெல்லாம் குடுத்தனி, விசரா?"

பஸ் சாரதி கண்ணாடியைக் கழற்றினார். "அம்மா, மேலே வாருங்கள்" என்றார். யாரோ மேசையில் தட்டினார்கள். பிறகு எல்லோரும் தட்டினார்கள்.

அக்கா கோட்டைக் கழற்றி அத்தானின் மடியில் போட்டுவிட்டு ஏறினாள். சரிகைத் தொங்கல்கள் விளக்கில் பற்றிக்கொண்டது போல மினுங்கின. கிற்றார்க்காரர் எந்தச் சுருதி என்று கேட்டார். அக்காவுக்கு அது என்னவென்றே தெரியாது. அவள் வலது காலை முன்னே வைத்தாள், மெசின் மிதியில் வைப்பது போலவே. அழுத்தினாள். பாடத் தொடங்கினாள்.

கொலர் தைக்கிறவர்கள் நேரே ஒரு ஓட்டம் ஓடி, முனை வந்ததும் நிறுத்தி, துணியைத் திருப்பி, மறுபடி ஓடுவார்கள். அக்கா இந்தப் பாட்டுகளைப் படித்த நாளிலிருந்து கொலரோடுதான் பாடியிருக்கிறாள். அதனால் முதல் வரியை இழுத்துக்கொண்டு போனவள் நடுவில், யாரும் நிறுத்தாத இடத்தில், காலை எடுத்துவிட்டு நின்றாள். பாண்ட் தடுமாறி விழுந்தது. அக்கா அமைதியாகக் கொலரைத் திருப்பினாள். காலை வைத்தாள். மறுபடி பாடினாள். மூன்றாவது நிறுத்தத்தில் மேளக்காரப் பெடியன் அவளுடைய காலைப் பார்க்கத் தொடங்கினான். நான்காவதில் பாண்ட் முழுவதும் அவள் காலோடு நின்றது. அந்த நிற்கிற இடத்தில் மண்டபமும் மூச்சைப் பிடித்தது. அவள் மூக்கால் அடுத்த வரியை எடுத்ததும் ஒரு கிழவர் தொப்பியைக் கூரைக்கு எறிந்தார்!

பாட்டில் புருஷன் ரெயிலில் போனான். முன் மேசையில் பொத்தான் துளை அம்மா அழுதார். என் பக்கத்தில் இருந்த நிஜப் புருஷன், மடியிலிருந்த கோட்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, "நான் எங்கையும் போகேல்லையே" என்று முணுமுணுத்தார்.

அக்காதான் வென்றாள். பஸ் சாரதி வாசலில் கையில் குத்துகிற முத்திரையை எடுத்துவரச் சொன்னார். அது ஒரு குதிரை லாட முத்திரை. பதினொரு பக்கத்திலும் ஒவ்வொன்றாகக் குத்தி, "அனுமதி வழங்கப்பட்டது" என்று மைக்கில் சத்தம் போட்டு என்னிடம் தந்தார். அந்த ஃபைல் இன்னும் என்னிடம் இருக்கிறது.

அதற்குப் பிறகு எல்லாம் ஒரே ஓட்டம். மாதம் ஒருமுறை என்பது கிழமைக்கு ஒருமுறையானது. தொண்ணூறுகளில் வரிசையாக நின்று ஆடுகிற ஆட்டம் இங்கிலாந்து முழுக்கப் பரவியபோது கடற்கரை ஊர்களில் இருந்தெல்லாம் கூப்பிட்டார்கள். அக்காவின் அலுமாரியில் கரையோடு ஒரு சீலை மிஞ்சவில்லை. அத்தான் ஒரு பழைய வான் வாங்கினார். "வெய்யிலுக்குத்தான்" என்று ஒரு தொப்பியும் வாங்கினார். இங்கிலாந்தில், நவம்பரில். பங்குத் திருநாளுக்குத் தனியாக ஒரு பாட்டுப் பாட வேண்டுமென்று பாடகர் குழு அன்ரியே வீடு தேடி வந்தார். அக்கா தேத்தண்ணி கொடுத்து, "அதுக்கென்ன, அன்ரி, வாறன். சத்தமும் வேணுமோ?" என்று கேட்டாள். அன்ரிதான் முதலில் சிரித்தார்.

எங்கள் நிஜ விண்ணப்பத்துக்குப் பதில் வந்தது இதற்கெல்லாம் நடுவில், ஒரு சனிக்கிழமை காலை. அக்கா கடற்கரையில், விடுமுறைக்கு ஆட்கள் வந்து தங்குகிற ஒரு கரவன் பார்க்கில் பகல் நிகழ்ச்சிக்குப் போயிருந்தாள். அத்தான் அன்றைக்கு ஷிப்ட் முடிந்து வீட்டில். நான் உறையை உடைத்து மூன்று தரம் வாசித்தேன். பிறகு கரவன் பார்க்குக்கு ஃபோன் அடித்தேன். யாரோ போய் அவளைக் கூட்டிவந்தார்கள்.

"அக்கா, தந்திட்டாங்கள். மூண்டு பேருக்கும். இருக்கலாமாம்."

அந்தப் பக்கத்தில் கிற்றார் சுருதி கூட்டுகிற சத்தம்.

"எத்தினை பக்கமடா?"

"ஒரு பக்கம்."

"ஒரு பக்கமோ? நாங்கள் அவ்வளவு குடுத்தமே!" என்றாள். "சரி, தம்பி, என்னைக் கூப்பிடுறாங்கள். ஃபோனை இப்பிடியே வைக்கிறன், அத்தானைக் கேக்கச் சொல்லு."

ரிசீவரை மேசையில் வைத்துவிட்டு ஓடுகிற சப்பாத்துச் சத்தம் கேட்டது. பிறகு மேளம். பிறகு, தூரத்தில், அந்த மூக்கு. அத்தான் ரிசீவரை என் கையிலிருந்து பறித்தார். வயர் எட்டுமட்டும் இழுத்துக்கொண்டு போய் ஜன்னலைத் திறந்து, ரிசீவரை வெளியே நீட்டிப் பிடித்தார்.

"என்ன அத்தான் செய்யிறியள்?"

"பொத்தடா வாயை. சனம் கேக்கட்டும்."

கொசு அளவுதான் சத்தம். பிளேஸ்டோவில் ஒருத்தருக்கும் அது கேட்டிருக்காது. பாட்டு முடியும்வரை அவர் கையை மடக்கவில்லை.