அளந்து ஏற்றிய பாஷாணம்

பல் துலக்கும்போது ஈறில் மீண்டும் ரத்தம் கசிந்தது. போன வருடமும் இப்படித்தான் தொடங்கியது. அதனால் இந்த முறை கண்ணாடி முன் நின்று யோசிக்கவில்லை. கணவரை எழுப்பி, "ரகு, கிளம்புங்க. ஆஸ்பத்திரிக்குப் போகணும்" என்றேன்.

எனக்கு வந்தது ரத்தப் புற்றுநோயில் ஒரு வகை (வெள்ளணுக்கள் முதிராமலே பெருகுவது). மாத்திரையும் கீமோவும் ஒரு முறை அடக்கியிருந்தன. இப்போது திரும்பிவிட்டது. புதிதாக அனுமதி பெற்ற மருந்து ஒன்று உண்டு என்றார் டாக்டர். பெயரைக் கேட்டதும் சிரித்துவிட்டேன். ஆர்சனிக். நம் ஊரில் வெள்ளைப் பாஷாணம்.

கலிஃபோர்னியாவின் மில்பிடாஸில் சிப் தயாரிக்கும் தொழிற்சாலையில் நான் பாதுகாப்புப் பொறியாளர். ஆர்சனிக் வாயு கசிந்தால் அலாரம் அடித்து எல்லோரையும் வெளியே துரத்துவதுதான் என் பிழைப்பு. அதையே என் நரம்பில் ஏற்றச் சொல்கிறார் இவர். மாட்டேன் என்றேன். அப்படியானால் அதிக நாள் இல்லை என்று அவரும் மறைக்காமல் சொன்னார்.

டாக்டர் வயதானவர், மருத்துவ வரலாற்றில் பித்து. ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன் ஐரோப்பாவில் ரசவாதிகள் பாதரசத்தையும் ஆர்சனிக்கையும் நோயாளிகளுக்குக் கொடுத்தார்களாம். ஒவ்வொரு உலோகத்துக்கும் ஒரு கிரகம், ஒவ்வொரு கிரகத்துக்கும் ஓர் உறுப்பு என்று நம்பினார்களாம். மூலிகையையே பெரிதும் நம்பியிருந்த வைத்தியத்துக்குள் வேதியியல் நுழைந்தது அந்தக் கிறுக்கர்களால்தான் என்றார். அளவுதான் விஷத்தையும் மருந்தையும் பிரிக்கிறது என்று சொன்னதும் அவர்களில் ஒருவர்தானாம். ஆனால் சரியாக அளக்கும் வழி அவர்களிடம் இல்லை. நிறையப் பேர் செத்தார்கள்.

எங்கள் அலாரமும் ஓர் அளவு தாண்டினால்தான் அடிக்கும். அந்த அளவைக் குறித்துக் கொடுப்பவளே நான்தான். சம்மதித்தேன்.

நர்ஸ் மருந்துப் பையை மாட்ட வந்தபோது ரகு குறுக்கே வந்தார். "கொஞ்சம் வெயிட் பண்ணச் சொல்லு. அம்மா ராகு காலம் முடிஞ்சு ஸ்டார்ட் பண்ணச் சொன்னாங்க."

"எந்த ஊர் ராகு காலம்? மெட்ராஸா, கலிஃபோர்னியாவா?"

சாஃப்ட்வேர்க்காரரான ரகு விழித்தார். "அதான் கன்ஃப்யூஸ் ஆகுது. சேஃபா ரெண்டுமே முடியட்டுமே."

டாக்டரிடம் வெட்கத்தோடு விளக்கினேன். அவர் கேலி செய்யவில்லை. ரசவாதிகளும் கிரகம் பார்த்துத்தான் மருந்து கொடுத்தார்கள், காத்திருக்கலாம், எப்படியும் முதலில் இசிஜி (இதயத்துடிப்பின் மின்பதிவு) பார்க்க வேண்டும் என்றார். இந்த மருந்து துடிப்பைக் குலைக்கக்கூடும். அவர் வரைபடத்தைப் பார்த்தார், ரகு கடிகாரத்தைப் பார்த்தார். இருவர் மீதும் எனக்கு அன்பு பொங்கியது.

சில நாட்களில் மூச்சு முட்டியது. மருந்து வேலை செய்யும்போது சிலருக்கு நுரையீரலில் நீர் சேருமாம். இதைப் படிக்கும் உங்களுக்கும் அப்படி ஆனால் பல்லைக் கடித்துக்கொண்டு படுத்திருக்காதீர்கள், உடனே சொல்லுங்கள். நான் சொன்னதால்தான் பிழைத்தேன். வாரங்கள் கழித்து எலும்பு மஜ்ஜை சுத்தமாக இருந்தது. ரகு காரில் உட்கார்ந்து வெகுநேரம் அழுதார்.

கோடையில் என் நகங்களில் குறுக்கே வெள்ளைக் கோடுகள் தெரிந்தன. ஆர்சனிக் உடம்பில் இருந்ததன் அடையாளம், நகம் வளர வளர வெளியேறிவிடும் என்றார் டாக்டர். காலண்டரை விட்டுவிட்டு விரலைப் பார்க்கப் பழகினேன். கோடு கொஞ்சம் நகர்ந்திருந்தால் நான் அவ்வளவு நாள் வாழ்ந்திருக்கிறேன்.

கோடுகள் நுனியை எட்டியதும் ரகு நகவெட்டியோடு பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "பாய்சன் எல்லாம் போகட்டும், குடு."

ஒவ்வொரு விரலாக நீட்டினேன். நாள் எண்ண ஒரு கோடாவது இருக்கட்டும் என்று கட்டைவிரலை மட்டும் மடக்கி வைத்துக்கொண்டேன்.