மழைப்பானை சுமந்த ஆமைகள் போன வழி

போன ஞாயிற்றுக்கிழமை குக்கருக்குப் புது கேஸ்கட் வாங்கி வந்தேன். உறையைப் பிரித்ததும் குப்பென்று ரப்பர் வாசனை. எனக்கு அது இருபது வயசின் வாசனை. கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையில் ஒரு ரப்பர் கம்பெனி. காருக்குள் எங்கேயோ போய் ஒளிந்துகொள்ளும் கறுப்பு வளையங்களில் பிசிறு இருக்கிறதா என்று பார்த்துத் தள்ளுவதுதான் என் வேலை. என்ன ஷாம்பு போட்டாலும் தலைமுடியை விட்டு அந்த வாடை போகாது. பெண் பார்க்க வந்த அன்று அம்மா என் தலையில் மல்லிகையைக் கூடை கணக்கில் கவிழ்த்தது அதனால்தான்.

கேஸ்கட்டை மூடியில் மாட்டிக்கொண்டிருந்தேன். கூடத்தில் மகள் போனில் தொடர்கதை கேட்டுக்கொண்டிருந்தாள். இப்போதுதான் படிக்கிற சிரமமே கிடையாதே, நேராகக் காதில் ஊற்றிவிடுகிறார்கள். கனத்த ஆண்குரல் ஒன்று, "மழைப்பானைகளைச் சுமந்த ஆமைகள் வறண்ட தேசத்தை நோக்கி நடந்தன" என்றது. கேஸ்கட் கைநழுவிக் கீழே விழுந்தது. அந்த ஆமைகளை எனக்குத் தெரியும். பெரியபாளையம் நெரிசலில் பிறந்தவை அவை.

திருவள்ளூரிலிருந்து எங்களுக்குக் கம்பெனி பஸ். பக்கத்து சீட்டில் மேகலா, என்னோடு ஒரே மேசையில் வளையம் பார்ப்பவள். ஆடி மாசம் வந்தால் பெரியபாளையத்தில் அம்மன் கோயில் கூட்டத்தைத் தாண்டி பஸ் நகராது. மொட்டைத் தலைகள், வேப்பிலை வாசம், மினி லாரி நிறையப் பாத்திரம் பண்டத்தோடு குடும்பங்கள். அப்படி ஒருநாள் நின்றபோது மேகலா அலுத்துக்கொண்டாள்.

"இதுக்கு ஆமை மேல குந்திக்கினு போயிருந்தா இந்நேரம் போய்ச் சேர்ந்திருக்கலாம்டி."

"நாம மட்டும் இன்னாத்துக்கு? சரக்கும் ஏத்திக்கலாம்" என்றேன்.

"இன்னா சரக்கு?"

வியர்வை வழிந்துகொண்டிருந்தது. "மழை. பானையில அடைச்சு ஏத்திக்கினு போலாம்."

இப்படித்தான் அந்த வழி உண்டானது. மேகம் காய்ச்சுகிற ஊரில் தொடங்கி, மழையையே பார்த்திராத தேசம் வரைக்கும் போகும். ராஜாக்கள் தோன்றுவதற்கு முன்பே ஆமைக் கால்கள் மிதித்து மிதித்துப் போட்ட வழி என்று வைத்துக்கொண்டோம். லாரி அளவு ஆமைகள், வணிகர் கூட்டம், சுங்கச்சாவடி, திருடர்கள், எல்லாம் உண்டு. எங்கள் சூப்பர்வைசரை ஆமைச்சாணம் அள்ளும் அதிகாரியாக நியமித்தோம். ஆமை சாணம் போடுமா என்று எங்கள் இருவருக்குமே தெரியாது. ஆனால் அவருக்கும் ஒரு வேலை வேண்டுமல்லவா?

ஜன்னலோரம் உட்காருகிறவள் கதை சொல்ல வேண்டும். போகும்போது ஒருத்தி, திரும்பும்போது மற்றவள். பக்கத்தில் இருப்பவள் கேள்வி கேட்கலாம், மாற்றக்கூடாது. ஒருத்தி கட்டிய ஊரை மற்றவள் தொடுவதென்றால் கேட்டுவிட்டுத்தான் தொட வேண்டும். நான் போட்ட ஒரு மரப்பாலத்தை உடைப்பதற்காக மேகலா டீ, வடை எல்லாம் வாங்கிக் கொடுத்துக் கெஞ்சியிருக்கிறாள்.

அந்த வருடம்தான் என் அண்ணன் ஏழுமலை இறந்தான். கழனி வேலை பிடிக்காமல் லாரிக்குப் போனவன். கல்கத்தா ரோட்டில் வண்டியை ஓரங்கட்டி டயரைப் பார்க்கக் குனிந்திருக்கிறான். பின்னால் வந்த வண்டி பார்க்கவில்லை.

காரியம் முடிந்து நான் வேலைக்குத் திரும்பிய அன்று ஜன்னல் முறை மேகலாவுடையது. எழுந்து எனக்கு இடம் விட்டாள். பெரியபாளையம் தாண்டியதும் சொல்ல ஆரம்பித்தேன். பாதி வழியில் ஒரு சத்திரம். சத்திரக்காரன் பெயர் ஏழுமலை. எவன் வந்தாலும், எந்த ஊர்க்காரன் என்றுகூடக் கேட்காமல், "இன்னா, துன்னியா?" என்று கேட்டுக் கூழ் ஊற்றுவான். என் அண்ணன் வீட்டுக்குள் நுழைந்ததும் கேட்கிற முதல் கேள்வி அது.

"அவன் எப்பவும் அங்கியே இருப்பானா?" என்று கேட்டாள் மேகலா.

"எப்பவும். அவனுக்குச் சாவே கெடையாது."

"சரிடி, இருக்கட்டும்" என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள். புதுவாயல் கூட்டுரோடு வரைக்கும் விடவில்லை.

பிறகு நான் கல்யாணமாகித் திருநின்றவூருக்கு வந்தேன். அவள் சென்னையில் கதை எழுதுகிறாள் என்று கேள்விப்பட்டுச் சந்தோஷப்பட்டேன். அந்த ஞாயிற்றுக்கிழமையும் முதலில் பெருமையாகத்தான் இருந்தது, பொய் சொல்வானேன். வேலையைப் போட்டுவிட்டு மகள் பக்கத்தில் உட்கார்ந்து கேட்டேன். சாணம் அள்ளும் அதிகாரி வந்தபோது சத்தம் போட்டுச் சிரித்தேன்.

அப்புறம் சத்திரம் வந்தது. ஏழுமலை என்ற பெயரைக்கூட மாற்றவில்லை. களைத்து வந்த வணிகர்களைப் பார்த்து அந்தக் கனத்த குரல், "சாப்பிட்டாயா?" என்று கேட்டது. கேட்டுவிட்டு, விஷம் கலந்த கூழை ஊற்றியது. வந்தவர்கள் எல்லோரும் செத்து விழுந்தார்கள். ஏழுமலை ஆமைகளைத் திருடர்களுக்கு விற்றுவிட்டுச் சிரித்தான்.

"ம்மா, செம ட்விஸ்ட் இல்ல?" என்றாள் மகள்.

பழைய சிநேகிதி ஒருத்தியிடம் நம்பர் வாங்கி மேகலாவுக்குப் போன் போட்டேன். குரலைக் கேட்டதும் துள்ளினாள். "ஏய், கேட்டியாடி? நல்லாகீதா?"

"ஏழுமலைய இன்னாடி பண்ணி வெச்சிக்கிற?"

"கதை டல்லடிக்குது, நல்லவன் ஒருத்தன் துரோகியா மாறணும்னு கதை போடற ஆபீஸ்ல சொன்னாங்கடி. கேக்கறவங்க அவனைத்தான் ரொம்ப நம்பிக்கினு இருந்தாங்க. அதான்."

"என்னை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே."

"பஸ்ஸுல டைம்பாஸுக்குப் பேசினதுக்கெல்லாமா கேப்பாங்க?"

"அது என் அண்ணன்டி."

"தெரியும்டி" என்றாள். தெரியாது, மறந்துவிட்டேன் என்று சொல்லியிருந்தால்கூட மன்னித்திருப்பேன். போனை வைத்துவிட்டேன்.

அந்தக் கம்பெனி இப்போது இல்லை. பஸ்ஸும் இல்லை. அதெல்லாம் போனால் போகட்டும். அண்ணன் பேசுவதைப் பதிவு செய்துவைக்க அந்த நாளில் எங்கள் வீட்டில் அப்படிப்பட்ட போன் கிடையாது. அவன் குரலை அந்தச் சத்திரத்தில்தான் விட்டுவைத்திருந்தேன். இத்தனை வருடமும் நான் தட்டை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தால் "இன்னா, துன்னியா?" என்று அவன் கேட்பான். இந்த வாரம் முழுவதும் அந்தக் கனத்த குரல்தான் கேட்கிறது. அண்ணன் எப்படிப் பேசுவான் என்று எவ்வளவு யோசித்தும் நினைவுக்கு வரவில்லை.