இளைப்புக்குத் தின்ற கறிகள்

ஏழு வயதிலிருந்து பதிமூன்று வயதுவரை நான் தின்ற கறிகளை இன்றைக்கும் வரிசையாகச் சொல்வேன். மடையான், உள்ளான், கௌதாரி, முயல், உடும்பு, பழந்தின்னி வௌவால், கடைசியாக ஆமை ரத்தம். எதையும் நாக்குக்காகத் தின்னவில்லை. எனக்கு இளைப்பு. பனி இறங்கும் மாதங்களில் நெஞ்சுக்குள் பூனை கத்துவது போலச் சத்தம் வரும். நாலு எட்டு நடந்தால் உட்கார்ந்துவிடுவேன்.

அப்பாவும் அம்மாவும் மரக்காணத்து உப்பளத்தில் வேலை செய்தார்கள். அப்பா பாத்தியில் உப்பு வாருவார், அம்மா கூடையில் சுமந்து கரையேற்றுவாள். என் இளைப்புக்கு யார் என்ன சொன்னாலும் கேட்டார்கள். சொன்னவர்கள் எல்லோரும் ஏதாவது ஒரு பிராணியின் பெயரைத்தான் சொன்னார்கள். அதைப் பிடித்துவரும் வேலை என் சித்தப்பாவுடையது. உப்பளத்துக்குப் பின்னால் இருக்கும் சதுப்பில் அவர் கண்ணி வைப்பார்.

மடையான் கொக்கு உட்கார்ந்திருக்கும்போது சேற்று நிறமாக இருக்கும், பறந்தால் வெள்ளை. அதன் கறியில் மீன் கவிச்சி அடிக்கும் என்று அம்மா புளித்தண்ணீரிலும் மஞ்சளிலும் ஊறவைத்து, மிளகு நிறையப் போட்டு வறுப்பாள். உள்ளான் குருவி ஒரு கைப்பிடி அளவுதான், எலும்போடு கடித்துவிடலாம். உண்மையைச் சொல்ல வேண்டும், உள்ளான் எனக்குப் பிடித்திருந்தது. கௌதாரியும் பிடித்தது. முயல் விறகு போல வறட்டுக்கறி, எண்ணெய் விட விடக் குடித்துக்கொண்டே இருக்கும். உடும்பை நெருப்பில் வாட்டித் தோலைச் சுரண்டுவார்கள். வால் பக்கத்துக் கொழுப்பை எனக்கென்று தனியாக எடுத்துவைப்பார்கள். அதை விழுங்கினால் நாள் முழுக்கத் தொண்டையில் நிற்கும். வௌவால் கறி கருப்பு. எலும்புகள் ஊசி போல மெல்லியவை. எவ்வளவு மிளகு போட்டாலும் அழுகிய பழத்தின் வாடை போகாது. வாரத்துக்கு ஒன்று என்று ஒரு வருஷம் தின்றேன். பள்ளிக்கூடத்தில் யாருக்கோ தெரிந்துபோய், ஆறாம் வகுப்பு முழுக்க என் பெயரே வௌவால்தான்.

ஆமை ஒரு மீன்வலையில் வந்தது. கரையில் கூட்டமாக நின்றிருந்தார்கள். ஒருவர் டம்ளரை என் வாயில் வைத்தார், இன்னொருவர் பின்னந்தலையைப் பிடித்துக்கொண்டார். வெதுவெதுப்பாக இருந்தது. குடித்த உடனே மணலிலேயே வாந்தி எடுத்தேன். "மருந்து வீணாப்போச்சே" என்று கூட்டத்தில் ஒரு குரல் கேட்டது. இளைத்துக்கொண்டு கிடந்த என்னை யாரும் பார்க்கவில்லை. எல்லோரும் மணலில் சிந்திய ரத்தத்தைத்தான் பார்த்தார்கள்.

பதிமூன்றாவது வயதில் பள்ளியில் நடந்த ஒரு மருத்துவ முகாமில் என் நெஞ்சில் குழாயை வைத்துப் பார்த்த நர்ஸ் சீட்டு எழுதிக் கொடுத்தார். சீட்டோடு அம்மா என்னை டவுனில் ஒரு பெரிய ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போனாள். "இதுவரைக்கும் என்ன வைத்தியம் பாத்தீங்க?" என்று டாக்டர் கேட்டார். அம்மா ஒன்று விடாமல் சொன்னாள். டாக்டருக்குப் பக்கத்தில் நின்ற இரண்டு மாணவர்கள் வாயைப் பொத்திக்கொண்டார்கள். டாக்டர் பொத்தவில்லை.

"சிங்கம், புலி ஒண்ணும் கெடைக்கலையாம்மா?" என்றார்.

அம்மாவும் அவர்களோடு சேர்ந்து சிரித்தாள். வேறு என்ன செய்வது என்று அவளுக்குத் தெரியவில்லை. உப்புத் தண்ணீரில் வெடித்த பாதங்களோடு பஸ் ஏறி வந்தவள் அவள். பிறகு டாக்டர் ஒரு நீல நிறக் குப்பியை என் வாயில் வைத்து அழுத்தி, உள்ளே இழுக்கச் சொன்னார். பத்து நிமிஷத்தில் நெஞ்சு திறந்தது. ஆறு வருஷம் ஏழு பிராணிகளால் முடியாதது பத்து நிமிஷத்தில் முடிந்தது. இப்படி ஒன்று இருக்கிறது என்று அதுவரை எங்கள் தெருவுக்கு வந்து யாரும் சொல்லவில்லை. பறவை பிடித்தால் ஜெயில் என்று சதுப்போரத்தில் இப்போது பெரிய போர்டு வைத்திருக்கிறார்கள். வைக்கட்டும், நல்லதுதான். இளைப்புக்கு மருந்து இருக்கிறது என்று ஒரு சின்ன போர்டுகூட எங்கும் நான் பார்த்ததில்லை.

அன்றிலிருந்து அந்தக் குப்பி, எங்கள் பேச்சில் பம்ப்பு, என்னோடேயே இருந்தது. கல்யாணம் பேசும்போது அம்மா சொன்னாள்: "பம்ப்பு அடிக்கிறது அவங்களுக்குத் தெரிய வேணாம். நோயாளிப் பொண்ணுன்னு சொல்லிடுவாங்க." நானும் சரி என்றேன். பதினோரு வருஷம் அதை நாப்கின் பாக்கெட்டுக்குள் வைத்து, குளியலறையில் குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு அடித்தேன். மகள் பிறந்து அவளுக்கு ஐந்து வயதில் இளைப்பு வந்தபோது, "எங்க குடும்பத்துலயே கெடையாதே, எங்கேருந்து வந்துச்சு?" என்று என் நாத்தனார் கேட்டார். நான் வாயைத் திறக்கவில்லை. மற்றவர்கள் மேல் இருக்கும் கோபத்தில் ஒரு பங்கு என் மேலும் எனக்கு உண்டு.

போன கார்த்திகையில் மழைக்காகப் பள்ளிக்கூடம் லீவு விட்டிருந்தார்கள். தாலுகா ஆபீசுக்கு எதிரே இருக்கும் ஜெராக்ஸ் கடையில் நான் வேலை பார்க்கிறேன். கணவர் உப்பு மூட்டை ஏற்றும் வண்டி ஓட்டுகிறார். மழைக்காலத்தில் உப்பளம் மூடிக்கிடக்கும், அவரும் வீட்டில்தான் இருப்பார். முதல் நாள் அவருடைய அக்கா, என் நாத்தனார், வானூர்ப் பக்கத்திலிருந்து வந்திருந்தார். அவர்கள் இருவரையும் நம்பி மகளை விட்டுவிட்டு நான் வேலைக்குப் போனேன்.

மதியம் மூன்று மணிக்குக் கணவருடைய போனிலிருந்து மகள் கூப்பிட்டாள்.

"அம்மா, அத்தை சிக்கன்னு ஒண்ணு குடுத்தாங்க. கருப்பா இருந்துச்சு. எலும்பெல்லாம் ஊசி மாதிரி." நடுவில் நிறுத்தி மூச்சு வாங்கினாள். "இளைக்குதும்மா. என் பம்ப்பைக் காணோம்."

அதற்கு மேல் எனக்கு எதுவும் கேட்க வேண்டியிருக்கவில்லை. கஸ்டமர் கொடுத்த பட்டாவை மிஷின் மேலேயே போட்டுவிட்டு ஸ்கூட்டரை எடுத்தேன்.

வீட்டில் மகள் நாற்காலியில் முன்னால் குனிந்து, முழங்கால்களில் கையை ஊன்றிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ஒவ்வொரு மூச்சுக்கும் தோள் ஏறி இறங்கியது. நாத்தனார் அவள் முதுகில் எண்ணெய் தேய்த்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் ஒரு எவர்சில்வர் டப்பா, அடியில் இன்னும் கொஞ்சம் குழம்பு. அந்த வாடை வாசலிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது.

"பம்ப்பு எங்க?" என்று கணவரைக் கேட்டேன்.

"கொஞ்சம் பொறு. கறி உள்ள போயிருக்குது. அது கூட இங்கிலீஷ் மருந்து சேந்தா வேலை செய்யாதாம். நாப்பத்தெட்டு நாளு அடிக்கக் கூடாதுன்னு குடுத்தவரு சொல்லியிருக்காரு."

"கொழந்தைக்கு உதடு நெறம் மாறுது. பம்ப்பு எங்க?"

அவர் அக்காவைப் பார்த்தார். அந்தப் பார்வை முடியும்வரை காத்திருக்க என்னால் முடியவில்லை. என் கைப்பையைத் திறந்து, நாப்கின் பாக்கெட்டைப் பிரித்து, என்னுடையதை எடுத்தேன். மகளின் வாயில் வைத்து அடித்தேன், எண்ணினேன், மறுபடி அடித்தேன்.

"இது யாருது?" என்றார் அவர்.

"என்னுது."

அவளை ஸ்கூட்டரில் முன்னால் நிற்கவைத்து, மழையில் ஆஸ்பத்திரிக்கு ஓட்டினேன். முகத்தில் மாஸ்க் வைத்து மருந்துப் புகை கொடுத்தார்கள். மூன்றாவது முறைக்குப் பிறகு தோள் இறங்கியது. "அம்மா, கடைக்குப் போகலையா?" என்று கேட்டாள். அப்போதுதான் நான் கட்டிலோரத்தில் உட்கார்ந்தேன்.

கொஞ்ச நேரத்தில் இருவரும் வந்தார்கள். கணவர் கையில் மகளின் பம்ப்பு இருந்தது. அதில் அரிசித் தவிடு ஒட்டியிருந்தது. அரிசி டிரம்முக்குள் புதைத்து வைத்திருக்கிறார்.

வராண்டாவுக்கு என்னைக் கூப்பிட்டு, "எத்தனை நாளா அடிக்கிற?" என்றார்.

"கல்யாணத்துக்கு முன்னாடிலேருந்து."

"என்கிட்ட மறைச்சிட்ட."

"ஆமா, மறைச்சேன். தப்புதான். ஆனா நான் மறைச்சதுல யாருக்கும் மூச்சு முட்டல. நீங்க ஒரே ஒரு நாள் மறைச்சீங்க. உள்ள போயி பாருங்க."

அவர் உள்ளே போகவில்லை. சுவரில் சாய்ந்து நின்று முகத்தைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

நாத்தனார்தான் பேசினார். "நல்லதுக்குத்தாம்மா செஞ்சேன். ரெண்டு ஊரு தாண்டிப் போயி, அந்தாளு கால்ல விழாத கொறையா கெஞ்சி வாங்கியாந்தேன். நாளைக்கு இவள ஒருத்தன் கையில புடிச்சிக் குடுக்கணுமில்ல? பம்ப்போட குடுக்க முடியுமா?"

அவர் சொன்னது பொய்யில்லை. சதுப்பில் இடுப்பளவு சேற்றில் நின்ற என் சித்தப்பாவும் அப்படித்தான் அலைந்தார். அந்தப் பாசத்தின் மேல் எனக்குச் சண்டை இல்லை. ஆனால் பெரியவர்களின் பயத்துக்கெல்லாம் ஒரு பெண்குழந்தையின் வாயைத்தானா திறக்க வேண்டும்? ஒன்பது வயதுப் பிள்ளைக்கு இப்போதே ஒரு மாப்பிள்ளையை நினைத்துக்கொண்டு, அவள் விடும் மூச்சை நினைக்காமல் விட்டுவிட்டார்களே.

"சிக்கன்னு ஏன் அண்ணி சொன்னீங்க?" என்று கேட்டேன். "எனக்குக் கூடத் தலையைப் புடிச்சித்தான் ஊத்துனாங்க. ஆனா ஆமை ரத்தம்னு சொல்லித்தான் ஊத்துனாங்க."

அவர் மறுநாள் காலையில் முதல் பஸ்ஸுக்கே ஊருக்குப் போய்விட்டார். வருஷா வருஷம் எங்களோடு பூசைக்கு வருபவர், கிறிஸ்துமஸுக்கும் வரவில்லை. பாதிரியார்கூட விசாரித்தார். வேலை இருக்கும் என்று கணவர் சமாளித்தார்.

அந்த நாளுக்குப் பிறகு மகளுக்குக் காலையும் மாலையும் பம்ப்பு கொடுப்பது அவர்தான். எண்ணுவதும் அவர்தான். எனக்கு மருந்து தீர்ந்தால் கேட்காமலே வாங்கிவருகிறார். ஆனால் வீட்டுக்கு வெளியே இன்னும் பழைய ஆள்தான். போன மாதம் பொம்மையார்பாளையத்தில் ஒரு நிச்சயதார்த்தம். சாம்பிராணிப் புகையில் மகளுக்கு இருமல் வந்தது. பந்தியில் உட்கார்ந்தபடியே பம்ப்பை எடுத்து அடித்துக்கொண்டாள். எதிரிலிருந்த உறவுக்காரர் ஒருவர் என்ன அது என்று கேட்டார்.

"சளி மருந்துங்க" என்றார் என் கணவர்.

"இளைப்பு மருந்துங்க" என்றேன் நான். "எனக்கும் இருக்குது. நானும் இதைத்தான் அடிக்கிறேன்."

அந்த வரிசை முழுக்கத் தலைகள் திரும்பின. கணவர் இலையைப் பார்த்துக்கொண்டார்.

கைகழுவும் இடத்தில் பச்சைப் புடவை கட்டிய ஒரு பெண் என் பக்கத்தில் வந்து நின்றார். குழாயைத் திறந்து வைத்துக்கொண்டே மெதுவாகப் பேசினார்.

"எங்க காட்டுறீங்க? எங்க வீட்டுலயும் ஒரு கொழந்தைக்கு இருக்குது. உடும்பு குடுத்துக்கிட்டிருக்கோம்."

"எத்தனை நாளா?"

"நாலு வருஷமா."

நாலு வருஷம். எனக்கு அங்கேயே கத்த வேண்டும் போலிருந்தது. அவரைப் பார்த்து இல்லை, யாரைப் பார்த்து என்றும் தெரியவில்லை. என்ன மருந்து, எந்த நாள் போக வேண்டும், இலவசமாகவே கிடைக்கும் என்று எல்லாவற்றையும் சொன்னேன். திங்கட்கிழமை காலையில் மரக்காணம் ஆஸ்பத்திரிக்குக் குழந்தையைக் கூட்டி வாருங்கள், நானே கூட வருகிறேன் என்றேன். தலையாட்டினார். அதற்குள் யாரோ கூப்பிட, முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு போய்விட்டார்.

திங்கட்கிழமை கடையில் பர்மிஷன் போட்டுவிட்டு, பதினொரு மணிவரை ஆஸ்பத்திரி வாசலில் நின்றேன். அவர் வரவில்லை. மறுநாளும் போய்ப் பார்த்தேன். போன் நம்பரை வாங்கிக்கொள்ளவில்லை, பெயரைக்கூடக் கேட்கவில்லை. நிச்சயதார்த்த வீட்டுக்காரர்களிடம் விசாரித்தால், பச்சைப் புடவையில் பத்துப் பேர் வந்திருந்தார்கள் என்கிறார்கள்.