முத்துவடிவின் பட்டை

முத்துவடிவுக்கும் எனக்கும் நடுவில் ஒரு வேலிதான். மேலகரத்தில் அவள் வாத்து வளர்த்தாள்; அந்தச் சனியன்கள் அசிங்கம் பண்ணுவதோ என் துவைகல்லில். நான் வாய் ஓயாமல் திட்டுவேன். அவள் சிரித்துக்கொண்டே கழுவிவிடுவாள்.

அவள் புருஷன் சிவசைலம் குற்றாலத்தில் ஒரு பங்களாவில் காவல்காரர். ஐம்பத்தெட்டு மார்கழியில், யாரோ சுட்டு இறக்கை ஒடிந்து குளத்தில் கிடந்த ஒரு பறவையைத் துண்டில் சுற்றிக் கொண்டுவந்தார். மஞ்சள் பற்றுப் போட்டார். பிழைத்தது; பறக்க மட்டும் முடியவில்லை. இரண்டு வருஷத்தில் அவர் காய்ச்சலில் போய்விட்டார். பிள்ளையில்லாத வீட்டில் அந்தப் பறவைதான் அவளுக்குத் துணை.

"தலையைப் பாருங்க மதினி," என்பாள். "கழுத்து குட்டையா, அலகு தட்டையா இருந்தா வாத்து. கழுத்து நீண்டு நெத்தியில கட்டி இருந்தா பங்களாவுல காவலுக்கு வளக்குத ஜாதி. வெள்ளைத் தலையில பின்பக்கம் ரெண்டு கறுப்புப் பட்டை இருந்தா அது வடக்கேயிருந்து வாரது. அவுக சொல்லித் தந்தது."

அதற்குப் பட்டை என்றே பெயர். எனக்கு எல்லாமே வாத்துதான். அவள் சொன்னதைக் காதில் வாங்கியதில்லை.

தை மாதம் பட்டையின் ஜாதிக் கூட்டம் ஒன்று வானத்தில் கத்திக்கொண்டு போகும். பட்டை கழுத்தை நீட்டிப் பதிலுக்குக் கத்தும். அடுப்பில் உலை கொதித்தாலும் அவள் வெளியே வந்து நிற்பாள்.

அறுபத்துமூன்றில் ஒரு நாள் பண்பொழி மலைக் கோயிலுக்குக் கிளம்பியவள், "மலையாளத்து யாவாரி, புனலூர்க்காரர் வருவாரு மதினி. வாத்து ஒண்ணு புடிச்சுக் குடுத்துருங்க," என்றாள்.

வந்தவர் முற்றத்தைப் பார்த்துவிட்டு, "தாறாவு வேண்டா, வாத்து மதி," என்று பட்டையைக் காட்டினார். அவளும் வாத்து என்றாள், இவரும் வாத்து போதும் என்கிறார். எது பட்டை என்று பார்க்கத் தோன்றவில்லை; பிடித்துக் கொடுத்தேன். மலையாளத்தில் தாறாவுதான் நம் வாத்து, வாத்து என்பது இந்தப் பெரிய ஜாதி என்று பிறகுதான் தெரிந்தது.

சாயங்காலம் திரும்பியவள், "பட்டை எங்க மதினி?" என்றாள். சொன்னேன். தென்காசி ஸ்டேஷனுக்கு ஓடினாள். நானும் பின்னாலேயே ஓடினேன். புனலூர் ரயில் மத்தியானமே போயிருந்தது.

அவள் என்னைத் திட்டியிருந்தால் தேவலை. மிச்ச வாத்துகளையும் யாருக்கோ கொடுத்துவிட்டாள். என் துவைகல் சுத்தமாகக் கிடந்தது.

அடுத்த தையில் கூட்டம் வந்தது. அவள் வீட்டுக்கு மேலே கத்தியது. கீழேயிருந்து பதில் இல்லாததால் மறுபடி சுற்றி வந்து கத்தியது. முத்துவடிவு முற்றத்தில் நின்று அண்ணாந்து பார்த்தாள்.

"அவன் இங்கன இல்லே," என்றாள். "போங்கய்யா."